அரசன் ஏறாத கோட்டை: வாசகர் கேள்வி பதில்

சென்ற இதழின் கடைசிப் பக்கத்தில், ஏகாம்பரக்குப்பத்து வாசகி ஒருவர் அனுப்பிய புகைப்படத்தை ‘மௌ காப் மலையின் பொய்க்கோட்டை, இங்கிலாந்து, 1754’ என்ற ஒரே வரிக் குறிப்போடு வெளியிட்டிருந்தோம். மலையுச்சியில் வட்டமான ஒரு கோபுரமும், அதை ஒட்டி வளைவு வாசலோடு கூடிய ஒரு மதில் துண்டும், அதற்குக் கீழே காற்றில் கலையும் தலைமுடியை ஒரு கையால் அழுத்திப் பிடித்துக்கொண்டு நிற்கும் அவருடைய மகளும் அந்தப் படத்தில் இருந்தார்கள். அந்த ஒரு வரி போதவில்லை என்று நகரி, புத்தூர், சத்தியவேடு, சித்தூர், திருப்பதி ஆகிய ஊர்களிலிருந்து கடிதங்கள் வந்திருக்கின்றன. ஆகவே இந்த இதழின் கேள்வி பதில் பகுதி முழுவதையும் அந்தக் கோட்டைக்கே ஒதுக்கியிருக்கிறேன். படம் அனுப்பிய வாசகியின் கேள்வியே முதலில் வருகிறது.

கேள்வி: என் மகள் ஸ்டோக்-ஆன்-ட்ரென்ட் நகரில் செவிலியராக வேலை செய்கிறாள். விடுமுறை நாளில் பக்கத்து மலைக்குப் போயிருந்தபோது எடுத்த படம் இது. அந்தக் கோட்டையில் எந்த அரசனும் இருந்ததில்லை என்று அவள் சொல்கிறாள். சந்திரகிரிக் கோட்டையைப் பார்த்து வளர்ந்த என் மாமனாரோ, “அரசன் இல்லாமல் மலைமேல் யாராவது கோட்டை கட்டுவார்களா? பிள்ளைக்கு யாரோ தவறாகச் சொல்லியிருக்கிறார்கள்” என்கிறார். யார் சொல்வது சரி?
– வாசகி, ஏகாம்பரக்குப்பம்

பதில்: உங்கள் மகள் சொல்வதுதான் சரி, அம்மா. ஆனால் உங்கள் மாமனாரைக் குறை சொல்ல முடியாது. பார்க்கிறவர்கள் அவரைப் போலவே நினைக்க வேண்டும் என்பதற்காகத்தான் அந்தக் கோட்டையே கட்டப்பட்டது. இருநூற்று எழுபது ஆண்டுகளுக்குப் பிறகு, கடல் கடந்து நகரிக்குப் பக்கத்தில் இருக்கும் ஒரு பெரியவரை அது நம்ப வைத்திருக்கிறது என்றால், கட்டியவர் தம் வேலையை நன்றாகவே செய்திருக்கிறார்.

படத்தை இன்னொரு முறை எடுத்து, சந்திரகிரியை மனத்தில் வைத்துக்கொண்டு பாருங்கள். விஜயநகர அரசர்கள் தங்கள் கடைசிக் காலத்தில் தலைநகராகக் கொண்ட சந்திரகிரியில் மலையை வளைத்து ஓடும் மதில் இருக்கிறது, நீர் தேக்கிய குளங்கள் இருக்கின்றன, ராஜமகாலும் ராணிமகாலும் கோயில்களும் இருக்கின்றன. ஒரு படை உள்ளே அடைபட்டுக் கிடந்தால் அதற்குச் சோறும் தண்ணீரும் வேண்டும் என்று நினைத்தவர்கள் கட்டிய இடம் அது. உங்கள் மகளின் படத்தில் கிணறு எங்கே, தானியக் களஞ்சியம் எங்கே, குதிரை கட்டும் இடம் எங்கே? கோபுரத்திலிருந்து கிளம்பும் மதில் எதையும் சூழ்ந்துகொள்ளவில்லை. கொஞ்ச தூரம் போய் வெறுமனே நின்றுவிடுகிறது. பகைவன் சுற்றிக்கொண்டு பின்பக்கமாக வந்தால் அவனைத் தடுக்க அங்கே எதுவும் இல்லை. அது மேற்கே சமவெளியில் இருக்கிற ஒரு வீட்டின் சன்னலிலிருந்து பார்ப்பதற்காக எழுப்பப்பட்ட கோட்டை.

அந்த வீட்டின் பெயர் ரோட் ஹால். செஷயர் மாவட்டத்தில், மலையிலிருந்து சில மைல் தொலைவில் இருக்கும் அந்தப் பண்ணை மாளிகை 1669 முதல் வில்பிரஹாம் குடும்பத்தாருடையது. அந்தக் குடும்பத்தைச் சேர்ந்த ராண்டில் வில்பிரஹாம் 1754-இல், தம் வீட்டிலிருந்து பார்க்கும்போது மலைத்தொடரின் முகட்டில் பழங்காலக் கோட்டை ஒன்று இடிந்து நிற்பதுபோல் தோன்ற வேண்டும் என்று விரும்பி இதைக் கட்டுவித்தார். கோடைக்காலத்தில் குடும்பத்தோடும் விருந்தாளிகளோடும் மேலே போய்ப் பொழுதைக் கழித்து வர ஓர் இடமாகவும் அது பயன்பட்டது. இப்படி, வாழ்வதற்கோ காப்பதற்கோ அல்லாமல், தோற்றத்துக்காகவும் கண்ணின் மகிழ்ச்சிக்காகவும் எழுப்பப்பட்ட கட்டடங்களை ஆங்கிலேயர்கள் ‘ஃபாலி’ என்று அழைக்கிறார்கள். மடமை என்பது அந்தச் சொல்லின் நேர்ப்பொருள். கட்டியவரின் பணத்தை எண்ணிப் பார்த்த அயலார் வைத்த பெயராகவே அது எனக்குப் படுகிறது.

மலையின் பெயரைப் பற்றியும் ஒரு வார்த்தை சொல்ல வேண்டும். ‘மோ’ என்று சிலர் எழுதுகிறார்கள்; ‘மௌனம்’ என்ற சொல்லின் முதலெழுத்தைப் போல ‘மௌ’ என்று சொல்வதே அந்த ஊர் வழக்கம். ‘காப்’ என்றால் பழைய ஆங்கிலத்தில் உச்சி. கடல் மட்டத்திலிருந்து 335 மீட்டர் உயரம்தான். திருமலையை அன்றாடம் பார்க்கிற நமக்கு அது பெரிய உயரம் அல்ல. ஆனால் மேற்கே செஷயர் சமவெளி தட்டையாகப் பரந்து கிடப்பதால், கீழேயிருந்து பார்க்கும்போது மலை சட்டென்று எழுந்து நிற்கிறது.

கோட்டைக்கு முன்பே அந்த மலைக்கு ஒரு புகழ் இருந்தது என்பதை உங்கள் மாமனாரிடம் சொல்லுங்கள். அவர் தலைமுறைக்குத்தான் இது நன்றாக விளங்கும். மௌ காப் திரிகைக்கல்லுக்குப் பெயர்போன மலை. கைகளால் சுற்றும் சிறிய திரிகைக்கும், தண்ணீர் விசையால் சுழலும் ஆலைகளின் பெரிய எந்திரக்கல்லுக்கும் அங்கே கல் வெட்டினார்கள். இரும்புக் காலத்தைச் சேர்ந்த திரிகைக் கற்களே அங்கு அகழ்ந்தெடுக்கப்பட்டிருக்கின்றன. ஆங்கிலத்தில் அந்தப் பாறை வகைக்கே ‘எந்திரக்கல் மணற்பாறை’ என்ற பொருளில்தான் பெயர் இருக்கிறது. நம் பக்கத்தில் தெலுங்கு பேசும் வீடுகளில் திரகலி என்றும் தமிழ் பேசும் வீடுகளில் ஏந்திரம் என்றும் சொல்லும் அந்தக் கல்லைக் கொத்துகிறவர் வாசலில் உட்கார்ந்து உளியால் புள்ளி புள்ளியாகக் கொத்திக்கொண்டு போவதைச் சிறுவயதில் பார்த்திருப்பவர்கள், வழவழப்பான கல் மாவு அரைக்காது என்பதை அறிவார்கள். மௌ காப் கல்லுக்கு அந்தச் சொரசொரப்பு இயற்கையிலேயே உண்டு. மணலும் சிறு பரல்களும் இறுகி ஒட்டிய கல் ஆகையால், தேயத் தேயப் புதிய பரல்கள் வெளியே வந்துகொண்டே இருக்கும். அந்தப் பொய்க்கோட்டை நிற்பது அப்படிப்பட்ட கல்லின் மேல்தான். படத்தில் அதன் சுவர் கறுத்துத் தெரிவதும் அந்தக் கல் மழையிலும் காற்றிலும் புகையிலும் பட்ட பாட்டால்தான். அரசன் இல்லாத மலை என்று சொல்லலாம், அம்மா. உழைத்தவர்கள் இல்லாத மலை என்று சொல்ல முடியாது.

கேள்வி: புதிதாகக் கட்டும்போதே இடிந்ததுபோல் கட்டுவது ஏமாற்று வேலை அல்லவா? அப்படி ஓர் ஆசை எதற்காக வந்தது? இதுபோல் வேறு கட்டடங்களும் அங்கே இருக்கின்றனவா?
– வாசகர், புத்தூர்

பதில்: ஏமாற்று என்ற சொல்லை நான் ஏற்க மாட்டேன். காரணத்தைக் கடைசியில் சொல்கிறேன்.

18-ஆம் நூற்றாண்டில் இங்கிலாந்துச் செல்வர் வீட்டுப் பிள்ளைகள் படிப்பு முடிந்ததும் இத்தாலிக்குப் பயணம் போவது வழக்கமாக இருந்தது. அங்கே புல்லும் கொடியும் மூடிய ரோமானிய இடிபாடுகளைக் கண்டு வந்தார்கள். அவற்றைத் தீட்டிய ஓவியங்களையும் விலைக்கு வாங்கி வந்தார்கள். ஊர் திரும்பியதும், கயிறு பிடித்து நட்டாற்போன்ற தங்கள் பழைய நேர்க்கோட்டுத் தோட்டங்கள் அவர்களுக்குப் பிடிக்காமல் போயின. வளைந்து செல்லும் நீர்நிலை, தோப்பு, மேடு, பள்ளம் என்று தோட்டத்தையே ஓர் ஓவியம்போல் மாற்றி அமைத்தார்கள். அந்த ஓவியத்தின் தொலைவில் கண் போய் இளைப்பாறுவதற்கு ஒரு பாழ்மண்டபமோ சிதைந்த கோட்டையோ வேண்டும் என்ற ரசனை அப்போது பரவியது. உண்மையான இடிபாடு கைக்கெட்டும் தூரத்தில் இருந்தவர்கள் அதைப் பயன்படுத்திக்கொண்டார்கள், இல்லாதவர்கள் கட்டிக்கொண்டார்கள்.

மௌ காப் கட்டப்படுவதற்குச் சில ஆண்டுகள் முன்பு, 1740-களின் பிற்பகுதியில், வூஸ்டர்ஷயரில் உள்ள ஹேக்லி பூங்காவில் சாண்டர்சன் மில்லர் என்பவர் இதேபோல ஒரு சிதைந்த கோட்டையை வடிவமைத்தார். அதற்கு ஹேல்ஸோவன் என்ற இடத்தில் இருந்த உண்மையான துறவி மடத்தின் இடிபாட்டிலிருந்து கற்களையும் சன்னல்களையும் கொண்டுவந்தார்கள். உண்மையான பழமையைப் பிரித்துப் பொய்யான பழமையைக் கட்டுவது எனக்கு மனவருத்தம் தருகிற செய்தி. ஏமாற்று என்று நீங்கள் சொல்வதானால், அந்தச் சொல்லை அங்கே பயன்படுத்துங்கள், மறுக்க மாட்டேன்.

மலையுச்சிகளில் இருப்பவற்றில் எனக்கு மிகவும் பிடித்தவை இரண்டு. ஒன்று, தெற்கே சர்ரே மாவட்டத்தின் லீத் குன்றில் ரிச்சர்ட் ஹல் என்பவர் 1765-இல் எழுப்பிய கோபுரம். சர்ரே மாவட்டத்திலேயே உயரமான அந்தக் குன்று 965 அடி. கோபுரத்தின் உச்சியில் ஏறி நிற்பவர் ஆயிரம் அடியைக் கடந்துவிடுவார். கட்டியவர் தம் இன்பத்துக்காக மட்டும் அல்லாமல், அயலாரும் மனிதர் அனைவரும் அந்த அழகிய நாட்டைக் கண்டு மகிழ்வதற்காகவும் இதை எழுப்பினார் என்று வாசலுக்கு மேல் லத்தீன் மொழியில் பொறித்து வைத்திருக்கிறார்கள். 1772-இல் இறந்த ஹல், தம் விருப்பப்படியே கோபுரத்தின் அடியில் அடக்கம் செய்யப்பட்டார். அவருக்குப் பின் கேட்பாரற்றுப் பாழடைந்த கோபுரத்தைக் கல்லும் காரையும் கொட்டி அடைத்துவிட்டார்கள். ஏறத்தாழ நூறு ஆண்டுகள் கழித்து, 1864-இல் அதைத் திறக்க முயன்றவர்களால் உள்ளே இறுகிப்போன காரையை அகற்ற முடியவில்லை. ஆகவே வெளிப்புறமாகத் தனியே ஒரு படிக்கட்டுக் கோபுரம் கட்டி, மறுபடியும் மக்கள் ஏறும்படி செய்தார்கள்.

இன்னொன்று, காட்ஸ்வோல்ட் மலைத்தொடரில் 1,024 அடி உயரத்தில் நிற்கும் பிராட்வே கோபுரம். ஜேம்ஸ் வையட் வடிவமைத்து 1790-களின் கடைசியில் முடிந்த கட்டடம் இது. 22 மைல் தொலைவில் உள்ள தம் வீட்டிலிருந்து அந்த மலையில் ஏற்றும் தீ தெரியுமா என்று கவன்ட்ரி பிரபுவின் மனைவியார் அறிய விரும்பியதாகவும், தீ தெளிவாகத் தெரிந்ததால் கோபுரம் எழுந்ததாகவும் சொல்வார்கள். கார்த்திகைத் தீபத்தன்று திருவண்ணாமலை உச்சியில் ஏற்றும் சோதி எத்தனை ஊருக்குத் தெரியும் என்று பேசி மகிழ்கிற நமக்கு அந்த அம்மையாரின் ஆவல் புரியாமல் போகாது. பின்னாளில் கலைஞர் வில்லியம் மாரிஸ் அந்தக் கோபுரத்தில் தங்கியிருக்கிறார். பழைய கட்டடங்களைச் சிதைக்காமல் காப்பதற்கென 1877-இல் ஒரு சங்கத்தை நிறுவியவரும் அவர்தான்.

இனி ஏமாற்று என்ற சொல்லுக்கு வருகிறேன். உங்கள் ஊர்ப் பக்கத்துத் திரௌபதி அம்மன் திருவிழாவில் அர்ச்சுனன் தபசு நாளன்று திடலில் மரம் நடுகிறார்கள். அது முந்தின வாரம் வண்டியில் வந்த மரம் என்பது திடலில் கூடியிருக்கும் எல்லோருக்கும் தெரியும். அர்ச்சுனன் வேடம் கட்டியவர் பாட்டுப் பாடிக்கொண்டு படிப்படியாக அதில் ஏறும்போது, அது கயிலைக்குப் போகிற வழி என்பதும் எல்லோருக்கும் தெரியும். கீழே மடி ஏந்தி நிற்கிற பெண்கள் மேலேயிருந்து விழுகிற எலுமிச்சம்பழத்தை மரத்திலிருந்து விழுந்த பழமாக நினைப்பதில்லை. தெரிந்தே ஒத்துக்கொண்ட தோற்றத்தில் ஏமாறுகிறவர் இல்லை. மௌ காப் கோட்டைக்குக் கல் சுமந்தவர்களும், கட்டிய கொத்தனார்களும், விருந்துக்கு வந்தவர்களும் அது என்ன என்பதை அறிந்தே இருந்தார்கள்.

கேள்வி: அந்தக் கோட்டை இரண்டு மாவட்டங்களின் எல்லையில் நிற்பதாகப் படித்தேன். அப்படியானால் அது யாருக்குச் சொந்தம்? 1960 ஏப்ரல் முதல் நாள் எங்கள் பகுதி சென்னை மாநிலத்திலிருந்து ஆந்திரத்துக்குப் போனது. திருத்தணி ஆந்திரத்திலிருந்து சென்னை மாநிலத்துக்கு வந்தது. எல்லை என்றால் எங்களுக்குக் காது தானாகவே விறைத்துக்கொள்ளும். அதனால் கேட்கிறேன்.
– வாசகர், சத்தியவேடு

பதில்: நீங்கள் படித்தது சரி. செஷயருக்கும் ஸ்டாஃபர்ட்ஷயருக்கும் இடையிலான எல்லைக் கோடு அந்த மலையின்மேல்தான் போகிறது. மௌ காப் கிராமமே இரண்டு மாவட்டங்களிலும் பரவிக் கிடக்கிறது. கோட்டைக்கும் உங்கள் மனத்தில் இருக்கும் வழக்கு வந்தது. 19-ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதியில், ஸ்டாஃபர்ட்ஷயர்ப் பக்கத்துப் பெருநிலக்கிழாரான கீல் ஊர் ரால்ஃப் ஸ்னெய்ட், அந்த இடத்தில் தமக்கும் உரிமை உண்டு என்றார். கட்டிய வில்பிரஹாம் குடும்பத்தார் விடவில்லை. கடைசியில், கோட்டை இருவருக்கும் பொது, பழுது பார்க்கும் செலவும் இருவருக்கும் பொது என்று முடிவாயிற்று. உரிமையோடு செலவையும் சேர்த்துப் பங்கிட்ட அந்த முடிவு எனக்கு மிகவும் பிடித்திருக்கிறது. 1937-இல் கோட்டை தேசிய அறக்கட்டளையின் கைக்கு வந்தது. நாட்டின் அழகிய இடங்களையும் பழைய கட்டடங்களையும் மக்களுக்காகக் காப்பதற்கென 1895-இல் தொடங்கப்பட்ட அமைப்பு அது. இன்றுவரை அதுவே காத்து வருகிறது.

ஒப்புமையை இதற்கு மேல் நீட்டுவது சரியல்ல. அங்கே கோட்டின் இருபுறமும் ஒரே மொழி. பிள்ளை எந்த மொழியில் படிப்பது, மனுவை எந்த மொழியில் எழுதுவது என்ற கவலை அந்த மலையில் யாருக்கும் வந்ததில்லை. வீட்டில் தமிழும் அலுவலகத்தில் தெலுங்குமாக அறுபது ஆண்டுகளுக்கு மேல் வாழ்ந்துவிட்ட உங்கள் ஊரின் அனுபவம் வேறு.

கேள்வி: ஒரு பணக்காரர் தம் சன்னலுக்கு அழகு சேர்க்கக் கட்டிய சுவரைப் பற்றி ஒரு பக்கம் முழுக்க எழுதுவது நியாயமா? அந்தப் பணத்தில் ஏழைகளுக்குக் குளம் வெட்டியிருக்கலாம், பள்ளி கட்டியிருக்கலாம். அந்த மலையில் கல்லுடைத்தவர்களுக்கு இந்தக் கோட்டையால் என்ன கிடைத்தது?
– வாசகர், சித்தூர்

பதில்: வந்த கடிதங்களிலேயே இதுதான் என்னை அதிக நேரம் யோசிக்க வைத்தது, ஐயா. உங்கள் கோபம் நியாயமானது. 1754-இல் அந்தக் கோட்டை ஒரு குடும்பத்தின் சன்னலுக்காகத்தான் கட்டப்பட்டது. அதை மூடி மறைக்க எனக்கு விருப்பமில்லை. ஆனால் கதை 1754-இல் முடிந்துவிட்டிருந்தால், சென்ற இதழில் போட்ட ஒரு வரியோடு நானும் விட்டிருப்பேன். கல்லுடைத்தவர்களுக்குக் கோட்டை எதையும் கொடுக்கவில்லை. அவர்களே வந்து அந்த மலையை எடுத்துக்கொண்டார்கள். அது எப்படி நடந்தது என்பதைச் சற்று விரிவாகவே சொல்கிறேன்.

18-ஆம் நூற்றாண்டின் முடிவில் மலையைச் சுற்றி நிலக்கரிச் சுரங்கங்கள் பெருகின. தெற்கே ஆறு மைலில் இருந்த ஊர்கள், இன்றைய ஸ்டோக்-ஆன்-ட்ரென்ட், மட்பாண்டத் தொழிலால் புகை சூழ்ந்து கிடந்தன. அந்த வட்டாரத்துச் சுரங்கத் தொழிலாளிகளிடையே ஹியூ போர்ன் என்ற தச்சர் பக்திப் பணி செய்துவந்தார். கூச்ச சுபாவம் உள்ளவர். மேடையில் பேசுவதைவிட ஒருவரோடு ஒருவராக உட்கார்ந்து பேசுவதே அவருக்கு இயல்பாக வந்தது. வார நாள்களின் இரவில் வீடுகளில் நடந்த ஜெபக் கூட்டங்கள் சீக்கிரம் முடிந்துவிடுகின்றன என்று தொழிலாளிகள் குறைப்பட்டுக்கொண்டபோது, ஒரு ஞாயிற்றுக்கிழமை மௌ மலைக்குப் போய் நாள் முழுவதும் ஜெபித்துக்கொள்ளலாம், அப்போதாவது மனம் நிறையும் என்று அவர்களுள் ஒருவர் சொன்னாராம். பேச்சுவாக்கில் வந்த அந்தச் சொல் அவர்கள் மனத்தில் ஆண்டுக்கணக்கில் கிடந்தது. அமெரிக்காவில் காட்டிலும் வெளியிலும் நாள்கணக்கில் நடக்கும் முகாம் கூட்டங்களைப் பற்றி லொரென்ஸோ டௌ என்ற அமெரிக்கப் போதகர் வந்து சொன்னதும் அது உறுதிப்பட்டது.

1807 மே 31, ஞாயிற்றுக்கிழமை. விடியும்போது மழை பெய்துகொண்டிருந்தது. ஆறு மணியளவில் மேகம் விலகியது. சுரங்கத்திலும் கல்குவாரியிலும் மட்பாண்டச் சூளையிலும் ஆறு நாள் வேலை செய்த ஆண்களும் பெண்களும் ஏழாம் நாள் மலையேறி வந்தார்கள். கூட்டம் பெருகப் பெருக ஒருவர் குரல் எட்டவில்லை. ஒரு மேடைக்கு இரண்டாக, இரண்டுக்கு நான்காக மேடைகளைக் கூட்டிக்கொண்டே போனார்கள். ஏறத்தாழ பதினான்கு மணி நேரம், பிரசங்கமும் ஜெபமும் பாட்டுமாக, இருட்டும் நேரம் வரை அது நடந்தது. மட்பாண்டத் தொழிலாளியான வில்லியம் கிளௌஸும் அன்று அங்கே இருந்தார். போர்னும் அவரும் பின்னர் அந்த இயக்கத்தின் இரு தூண்கள் ஆனார்கள்.

இதில் மேலிடத்துக்கு மகிழ்ச்சி இல்லை. பிரெஞ்சுப் புரட்சிக்குப் பிறகு, பிரான்சோடு போர் நடந்துகொண்டிருந்த காலம். தொழிலாளிகள் ஆயிரக்கணக்கில் வெட்டவெளியில் கூடினாலே ஆட்சியாளர்களுக்கு அச்சம். போர்ன் சார்ந்திருந்த மெதடிஸ்ட் என்ற கிறிஸ்தவச் சபையின் மாநாடு, அதே 1807-இல் கூடி, அமெரிக்காவுக்கு எப்படியோ, இங்கிலாந்துக்கு இத்தகைய கூட்டங்கள் தகா என்று தீர்மானம் போட்டது. 1808-இல் போர்ன் நீக்கப்பட்டார். 1810-இல் கிளௌஸ் நீக்கப்பட்டார். இருவரின் ஆட்களும் ஒன்றுசேர்ந்து 1812-இல் பிரிமிட்டிவ் மெதடிஸ்ட் என்ற பெயரை வைத்துக்கொண்டார்கள். மெதடிஸ்ட் இயக்கத்தின் தொடக்ககால எளிமைக்குத் திரும்புகிறவர்கள் என்பது அந்தப் பெயரின் கருத்து.

நீங்கள் கேட்ட பள்ளிக்கு இங்கே வருகிறேன், ஐயா. அந்தச் சபையில் உரை நிகழ்த்தப் பட்டம் வேண்டியதில்லை. சுரங்கத் தொழிலாளியும் பண்ணையாளும் எழுந்து நின்று பேசலாம், தொடக்ககாலத்தில் பெண்களும் பேசினார்கள். பேச வேண்டுமானால் வேதத்தைப் படிக்க வேண்டும், படிக்க வேண்டுமானால் எழுத்துக் கற்க வேண்டும். ஞாயிறு தோறும் கூட்டத்தின்முன் நின்று பேசிப் பழகியவர்கள் பின்னாளில் தொழிற்சங்க மேடைகளிலும் பேசினார்கள். 1872-இல் விவசாயத் தொழிலாளர்களுக்காகச் சங்கம் அமைத்த ஜோசஃப் ஆர்ச் பிரிமிட்டிவ் மெதடிஸ்ட் சபையின் பிரசங்கி. 1932-இல் பிரிந்த கிளைகள் ஒன்றுசேர்ந்து ஒரே மெதடிஸ்ட் சபை ஆனபோது, எந்த மாநாடு அந்தக் கூட்டத்தைத் தகாது என்றதோ, அதன் வழிவந்தவர்களும் மௌ காப்பைத் தங்கள் மலையாக ஏற்றுக்கொண்டார்கள். 1937-இல் கோட்டை அறக்கட்டளையிடம் வந்த ஆண்டில், முதல் கூட்டத்தை நினைவுகூர அந்த மலையில் பத்தாயிரம் பேருக்கு மேல் கூடினார்கள்.

ஆகையால், வில்பிரஹாமுடைய சன்னலிலிருந்து மட்டும் பார்ப்பதானால் அந்தக் கோட்டை நீங்கள் சொல்லும் வீண் சுவர்தான். சுரங்கத்திலிருந்து ஏறிவந்தவர்கள் நின்ற திசையிலிருந்தும் அதைப் பார்க்க வேண்டும் என்பதே என் வேண்டுகோள். இன்று மௌ காப் என்று சொன்னால் உலகின் பல நாடுகளிலும் இருக்கும் மெதடிஸ்ட் கிறிஸ்தவர்களின் மனக்கண்ணில் எழுவது அந்தப் பொய்க்கோட்டையின் வடிவம். அவர்களுடைய ஆண்டுவிழாத் தட்டுகளிலும் கோப்பைகளிலும்கூட அந்த வடிவத்தையே அச்சிட்டிருக்கிறார்கள். அதைக் கட்டியவர் நினைத்துப் பார்த்திருக்க முடியாத வேலையை அந்தச் சுவர் செய்துகொண்டிருக்கிறது.

கேள்வி: ‘ஃபாலி’ என்பதற்குத் தமிழில் நிலையான சொல் இருக்கிறதா? ‘பொய்க்கோட்டை’ என்று நீங்கள் எழுதியது எல்லா வகைக்கும் பொருந்துமா?
– கல்லூரி மாணவி, திருப்பதி

பதில்: நிலைத்த சொல் இல்லை. கோட்டை வடிவில் இருப்பதற்குப் பொய்க்கோட்டை பொருந்தும். பொய்க்கால் குதிரை என்று சொல்லும்போது அந்தப் ‘பொய்’ யாரையும் பழிப்பதில்லை அல்லவா? அந்தப் பொருளில்தான் நானும் எழுதினேன். தனிக் கோபுரமாக நிற்பவற்றைக் காட்சிக் கோபுரம் எனலாம். எல்லாவற்றுக்கும் பொதுவாக ‘வீண்கட்டடம்’ என்று எழுதுகிறவர்கள் உண்டு. லீத் குன்றின் வாசலில் பொறித்திருப்பதைப் படித்த பிறகு அந்தச் சொல்லை எழுத எனக்குக் கை வரவில்லை.

கேள்வி: வருகிற கோடையில் மகளைப் பார்க்க நானும் என் கணவரும் போகிறோம். அந்த மலைக்குப் போனால் எதையெல்லாம் பார்க்க வேண்டும்? முழங்கால் வலி இருப்பதால் ஏற முடியுமா என்று தயக்கமாக இருக்கிறது.
– முதல் கேள்வியைக் கேட்ட அதே வாசகி, ஏகாம்பரக்குப்பம்

பதில்: தயங்க வேண்டாம், அம்மா. கிராமமே மலைமேல் இருப்பதால் கார் கோட்டைக்குப் பக்கத்திலேயே போய்விடும். அங்கிருந்து சிறிய ஏற்றம்தான். அடிவாரத்திலிருந்து நடந்து ஏறும் சாலையில் மட்டும் போக வேண்டாம். அந்த ஒரு மைல் செங்குத்தை ‘கொல்லும் மைல்’ என்று பெயரிட்டு ஓட்டப் பந்தயமே நடத்தியிருக்கிறார்கள். மேலே கட்டணம் எதுவும் இல்லை. கோபுரத்துக்குள் ஏற விடுவதில்லை; சுற்றி வந்து பார்க்கலாம். கோடையிலும் காற்று பலமாக வீசும் என்பதால், மகளின் படத்தைப் பார்த்தே கம்பளிச் சட்டையும் தலைக்குத் துணியும் எடுத்துக்கொள்ளுங்கள்.

வானம் தெளிவாக இருந்தால் மேற்கே வேல்ஸ் நாட்டு மலைகள் தெரியும். வடக்கே சமவெளியில் வெள்ளையாக ஒரு பெரிய கிண்ணம் தெரிந்தால், அது 1957-இல் இயங்கத் தொடங்கிய ஜோட்ரல் பேங்க் வானொலித் தொலைநோக்கி. தென்மேற்கே கொஞ்ச தூரத்தில் எங்கல்சீ புரூக் என்ற சிற்றூரின் சிறிய கோயில் இப்போது அந்த இயக்கத்தின் அருங்காட்சியகமாக இருக்கிறது. 1852-இல் இறந்த ஹியூ போர்ன் அங்கேதான் அடக்கம் செய்யப்பட்டிருக்கிறார். சித்தூர் வாசகருக்கு நான் எழுதிய பதிலைப் படித்துவிட்டுப் போனால், அந்தச் சிறு கட்டடம் உங்களுக்குப் பெரிதாகத் தெரியும்.

கோட்டையின் வளைவு வாசலுக்கு அடியில் நின்று உள்ளங்கையைக் கல்லின்மேல் வைத்துப் பாருங்கள். புதிதாகக் கொத்திய ஏந்திரத்தைத் தொடுவதுபோல் பரல்கள் கையில் உறுத்தும். பிறகு அங்கிருந்து வடக்கே சிறிது தூரம் நடந்தால் பழைய கல்குவாரியில் 65 அடி உயரத்துக்கு ஒரு பாறைத் தூண் தனியாக நிற்கும். சுற்றிலும் இருந்த கல்லை வெட்டி எடுத்தவர்கள் அதை மட்டும் விட்டுவைத்தார்கள். மேலே தலைபோல் அமைந்திருப்பதால் ‘மௌ மலைக் கிழவன்’ என்பது அதற்கு ஊரார் வைத்த பெயர். கடலில் வந்த மாலுமிகளுக்கே அடையாளமாக இருந்த நகரி மூக்கைத் தினமும் பார்த்து வாழ்கிற உங்களுக்குப் பாறையில் முகம் தேடச் சொல்லித்தர வேண்டியதில்லை. கிழவனின் முகம் எந்தப் பக்கத்திலிருந்து நன்றாகத் தெரிகிறது என்று பார்த்து, ஒரு படமும் எடுத்து அனுப்புங்கள். உங்கள் மாமனார் அதைப் பார்த்து என்ன சொன்னார் என்பதையும் எழுதுங்கள், இரண்டையும் சேர்த்து வெளியிடுகிறோம்.